ஆகாயத்து ஆற்றலைத் தேக்க ஒரு மரப்பெட்டி: ஆர்கோன் சேகரிப்பான், ஒரு நிகழ்வு ஆய்வு

மாயக் கதைகளில் ஒரு கருவி திரும்பத் திரும்ப வரும். வெளியெங்கும் பரவிக் கிடக்கும், கண்ணுக்குப் புலப்படாத ஓர் உயிராற்றலை அது ஈர்த்துத் தன்னுள் தேக்கிவைக்கும். அதனுள் சென்று அமர்பவருக்கு நோய் தணியும், உடலில் வலுவேறும். ஒரு நாள் அதிகாரம் படைத்தவர்கள் அதை உடைக்க வருவார்கள். உருவாக்கியவர் சிறையில் மடிவார். இந்தக் கதை ஏறக்குறைய அப்படியே, இருபதாம் நூற்றாண்டின் நடுவில், அமெரிக்காவின் வடகிழக்கு மூலையில் உள்ள மேய்ன் மாநிலத்தில் நடந்தேறியது. கருவி மரத்தாலும் இரும்புத் தகட்டாலும் ஆனது. மாதத்துக்குப் பத்து டாலர் கொடுத்தால் வீட்டுக்கே எடுத்துச் செல்லலாம்.

அதன் பெயர் ஆர்கோன் சேகரிப்பான். மின்விளக்குகளில் நிரப்பப்படும் ஆர்கான் வாயுவுக்கும் இதற்கும் ஒலி ஒற்றுமையைத் தவிர வேறு தொடர்பில்லை. இதைச் செய்தவர் வில்ஹெல்ம் ரைஷ்; வெளியெங்கும் பரவியிருப்பதாகத் தான் நம்பிய உயிராற்றலுக்கு ஆர்கோன் என்று பெயரிட்டவரும் அவரே. பெட்டியில் எந்த ஆற்றலும் சேரவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்; அதைக் கடைசிவரை மறைத்துவைத்து அவிழ்ப்பதில் பொருளில்லை. இந்த நிகழ்வில் ஆராயத் தக்கது, அந்த உண்மை எந்த இடத்தில், யார் கண்முன் நிறுவப்பட்டது என்பதே. 1941-இல் ஒரு வீட்டின் நிலவறையில், ஒரு மேசையின் மேல் அது ஏறத்தாழ நிறுவப்பட்டுவிட்டது. பதின்மூன்று ஆண்டுகள் கழித்து, ஊரறிய நிறுவப்பட்டிருக்க வேண்டிய நீதிமன்றத்தில், அது விசாரணைக்கே வரவில்லை. பின்னால் நேர்ந்த கேடுகளில் பெரும்பாலானவை இந்த இடைவெளியிலிருந்து முளைத்தவை என்பது என் கணிப்பு.

உருவாக்கியவர்

ரைஷ் 1897-இல், அன்றைய ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசைச் சேர்ந்த கலீசியாவில் பிறந்தவர். வியன்னாவில் மருத்துவம் பயின்று 1922-இல் பட்டம் பெற்றார். அதற்கு முன்பே, மாணவராக இருந்த 1920-லேயே, ஃபிராய்டைச் சுற்றி இயங்கிய வியன்னா உளப்பகுப்பாய்வுச் சங்கத்தில் உறுப்பினராகிவிட்டார். உள்ளத்தில் அடக்கப்பட்டது உடலின் தசைகளில் இறுக்கமாகக் குடியேறுகிறது என்ற அவருடைய பார்வை பிற்கால உளமருத்துவத்தில் ஆழமான தடம் பதித்தது. அவரைப் போலி மருத்துவர் என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிட முடியாமைக்கு இதுவே முதல் காரணம். பாலியல் விடுதலையை அரசியலோடு இணைத்துப் பேசியதால் 1933-இல் கம்யூனிஸ்ட் கட்சி அவரை வெளியேற்றியது. மறு ஆண்டே பன்னாட்டு உளப்பகுப்பாய்வுச் சங்கமும் வெளியேற்றியது. ஜெர்மனியில் நாஜி ஆட்சி அவருடைய நூல்களைத் தடைசெய்தது. நார்வேக்குச் சென்று ஆஸ்லோவில் சில ஆண்டுகள் தங்கினார். ஃபிராய்டு ‘லிபிடோ’ என்று உள்ளத்தின் ஆற்றலாக உருவகித்ததை ரைஷ் உவமையாக ஏற்கவில்லை. அது உண்மையிலேயே அளக்கக்கூடிய ஒரு பொருள் என்று நம்பி, நுண்ணோக்கியின் கீழ் அதைத் தேடத் தொடங்கினார்.

ஆஸ்லோவில், சூடாக்கப்பட்ட கடல்மணலைக் கரைசலில் இட்டுப் பார்த்தபோது நீல நிறமுள்ள நுண்ணிய குமிழ்கள் தோன்றியதாகவும், அவை ஒருவிதக் கதிர்வீச்சை வெளியிட்டதாகவும் அவர் கருதினார். அந்தக் கதிர்வீச்சைச் சிதறவிடாமல் அடைத்துவைத்து ஆராய்வதற்காகத்தான் முதன்முதலில் உலோக உள்ளறை கொண்ட பெட்டி தேவைப்பட்டது. 1939 ஆகஸ்டில், போர் மூள்வதற்குச் சில நாட்களே இருந்தபோது, நியூயார்க் வந்து இறங்கினார்.

அடுத்த ஆண்டுக் கோடையில் மேய்னில் ஒரு பெரிய ஏரிக்கரையில் தங்கியிருந்தபோது, இரவு வானில் விண்மீன்களுக்கு இடைப்பட்ட வெற்றிடத்தில் ஏதோ மினுமினுப்பதைக் கண்டதாக எழுதினார். பெட்டிக்குள் குமிழ்களை வைக்காதபோதும் அதே மினுக்கம் தெரிவது அவரை அதுவரை குழப்பிக்கொண்டிருந்தது. வானத்தைப் பார்த்ததும் விடை கிடைத்துவிட்டதாக நினைத்தார்: ஆற்றல் குமிழ்களுக்கு மட்டும் உரியதன்று, அது எங்கும் இருக்கிறது, பெட்டி அதைக் காற்றிலிருந்தே ஈர்க்கிறது. ஒரு சோதனையில் எதிர்பாராத முடிவு வரும்போது கருவியைச் சந்தேகிப்பதா, உலகத்தைத் திருத்தி எழுதுவதா என்ற கவைவழி அது. ரைஷ் இரண்டாவது வழியில் போனார். இந்த நிகழ்வின் அறிவியல் பிழை அனைத்துக்கும் வேர் இந்த ஒரு முடிவில் இருப்பதாக நான் நினைக்கிறேன்.

பெட்டியின் அமைப்பு

பொதுத் தொலைபேசிக் கூண்டைவிடச் சற்றுச் சிறிய அலமாரி என்று கற்பனை செய்துகொள்ளலாம். வெளிப்புறம் மரம் அல்லது மர இழைகளை அழுத்திச் செய்த பலகை. உட்சுவர் முழுவதும் இரும்புத் தகடு. இரண்டுக்கும் நடுவில், பாத்திரம் தேய்க்கும் நார் போன்ற மெல்லிய எஃகு இழையும் கம்பளி முதலான உயிர்வழிப் பொருளும் மாறி மாறி அடுக்கப்பட்டிருக்கும். அடுக்குகள் கூடக் கூட வீரியம் கூடும் என்பது கணக்கு; மூன்று அடுக்குப் பெட்டிகளும் உண்டு, இருபது அடுக்குப் பெட்டிகளும் உண்டு. உள்ளே ஒரு நாற்காலி. கதவில் முகத்துக்கு நேராகக் காற்றுக்காக ஒரு திறப்பு. உட்கார்ந்தால் உடலுக்கும் தகட்டுக்கும் சில அங்குல இடைவெளியே இருக்கும். படுத்த படுக்கையாக இருப்பவர்களுக்குப் போர்வை வடிவிலும், ஒரு காயத்தையோ மூட்டையோ குறிவைக்க வளையும் உலோகக் குழாய் பொருத்திய சிறு பெட்டியாகவும் இது கிடைத்தது.

ரைஷின் விளக்கம் இப்படி: உயிர்வழிப் பொருள் ஆர்கோனை ஈர்த்துப் பிடித்துக்கொள்ளும், உலோகம் ஈர்த்த உடனே இருபுறமும் தள்ளிவிடும். வெளியே தள்ளப்படுவதை மரம் பிடித்துக்கொள்ள, உள்ளே தள்ளப்படுவது வெற்றறையில் சேரும். வெப்பம் சூடான இடத்திலிருந்து குளிர்ந்த இடத்துக்குப் பாய்வது இயற்பியலின் அடிப்படை விதி. ஆர்கோனோ செறிவு குறைந்த இடத்திலிருந்து செறிவு மிகுந்த இடத்துக்குப் பாயும் என்றார் அவர். உண்மையானால் வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதியையே அது கவிழ்த்துவிடும்.

நாளொன்றுக்கு அரை மணி நேரம் அளவில் அமரச் சொல்லப்பட்டது. அமர்ந்தவர்கள் பலர் தோலில் குறுகுறுப்பையும், மெதுவாகப் பரவும் வெதுவெதுப்பையும் உணர்ந்ததாகச் சொன்னார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை. சும்மா உட்கார்ந்திருக்கும் மனித உடல் ஏறத்தாழ 100 வாட் வெப்பத்தை இடைவிடாமல் வெளியிடுகிறது. கம்பளியும் பலகையும் வேய்ந்த ஒரு குறுகிய அறைக்குள் அதை அடைத்தால் வெதுவெதுப்பு வரத்தான் செய்யும். பளபளப்பான தகடு உடலின் வெப்பக் கதிரில் ஒரு பகுதியை உடலுக்கே திருப்பியும் அனுப்பும். ஓயாமல் வேலை செய்யும் ஒருவர் அரை மணி நேரம் கண்மூடி, யாரும் அழைக்காத இடத்தில் உட்கார்ந்து எழுந்தால் கிடைக்கும் ஆறுதலையும் இதனோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நீல மினுக்கத்துக்கும் எளிய விளக்கம் உண்டு. பகலில் தெளிந்த நீலவானத்தைச் சற்று நேரம் உற்றுப் பார்ப்பவர் எவருக்கும், சிறு ஒளிப்புள்ளிகள் வளைந்து வளைந்து ஓடுவது தெரியும். விழித்திரையின் நுண்குழாய்களில் செல்லும் வெள்ளை அணுக்களே அந்தப் புள்ளிகள். முழு இருட்டில் நெடுநேரம் அமர்ந்தாலும் கண் தானாகவே மங்கலான ஒளியலைகளைக் காட்டும். ரைஷ் மணிக்கணக்கில் இருட்டறையில் அமர்ந்து பழகியவர்.

நிலவறை மேசை

1940 டிசம்பர் 30-ஆம் நாள் ரைஷ் ஐன்ஸ்டைனுக்குக் கடிதம் எழுதினார். 1941 ஜனவரி 13 அன்று பிரின்ஸ்டனில் இருவரும் சந்தித்தார்கள். ஜெர்மன் மொழி பேசும் இரண்டு அகதிகளின் உரையாடல் ஐந்து மணி நேரத்தை நெருங்கியது. அறையை இருட்டாக்கி, தான் கொண்டுவந்த குழல் வழியே பார்க்கச் சொன்னார் ரைஷ். ஐன்ஸ்டைன் பார்த்தார், மினுக்கத்தையும் கண்டார். ஆனால் குழலை எடுத்த பின்பும் அது தெரிகிறதே, தன் கண்ணிலேயே இருப்பதாக இருக்கலாமே என்று உடனே கேட்டதாக ரைஷே குறித்துவைத்திருக்கிறார். உலகின் மிகப் புகழ்பெற்ற இயற்பியலறிஞர் ஒரே வரியில் ஐயத்தைத் துல்லியமாகத் தொட்டுவிட்டார். கேட்டவர் அதைப் பதிவுசெய்தார், கருத்தில் கொள்ளவில்லை.

கண்ணை நம்ப வேண்டாம், வெப்பமானியை நம்புங்கள் என்பது ரைஷின் அடுத்த வாதம். பெட்டிக்கு மேலே தொங்கவிட்ட வெப்பமானி, அதே அறையில் தள்ளித் தொங்கவிட்டதைவிட டிகிரியில் ஒரு சிறு பின்னம் கூடுதலாகவே எப்போதும் காட்டுகிறது என்றார். எரிபொருளோ மின்சாரமோ இல்லாத ஒரு பெட்டி ஓயாமல் வெதுவெதுப்பாக இருக்குமானால், அது இயற்பியலில் சாதாரணச் செய்தி ஆகாது. ஐன்ஸ்டைன் ஒப்புக்கொண்டு, சிறிய சேகரிப்பான் ஒன்றைத் தன் வீட்டு நிலவறையில் வைத்து, பத்து நாள் அளவில் தானே அளவெடுத்தார்.

வேறுபாடு உண்மையிலேயே இருந்தது. இதைச் சொல்லாமல் விடுபவர்கள் ரைஷுக்கு அநீதி செய்கிறார்கள். உதவியாளர் ஒருவர் அப்போது ஒன்றைக் கவனித்தார். அறையில் வெப்பக் காற்று கூரையருகே தங்கும், குளிர்ந்த காற்று தரையில் தங்கும். இரண்டும் கலந்து சுழல வேண்டிய பாதையில் மேசைப்பலகை குறுக்கே நிற்கிறது. ஆகவே மேசைக்கு மேலே உள்ள காற்று, மேசை இல்லாத இடத்தில் அதே உயரத்தில் உள்ள காற்றோடு ஒத்திருக்க வேண்டிய கட்டாயமில்லை. ஐன்ஸ்டைன் மேசைக்கு மேலும் கீழும் வெப்பமானி வைத்துப் பார்த்தார். பெட்டியே தேவைப்படாமல் வெப்ப வேறுபாடு அங்கே காத்திருந்தது. பிப்ரவரி 7-ஆம் நாள் எழுதிய கடிதத்தில் இதை விளக்கி, தம்மைப் பொறுத்தவரை இந்த விஷயம் முடிந்துவிட்டது என்று தெரிவித்தார்.

ரைஷ் இருபத்தைந்து பக்கத்தில் மறுமொழி அனுப்பினார். பெட்டியைத் திறந்தவெளியில் வைத்தும், மண்ணில் பாதி புதைத்தும் பார்த்தேன், அப்போதும் வேறுபாடு வருகிறது என்பது அதன் சாரம். வெயிலும் காற்றும் ஈரமும் நிமிடத்துக்கு நிமிடம் மாறும் திறந்தவெளியில், டிகிரியில் பின்னமளவு வேறுபாட்டுக்கு நூறு காரணங்கள் இருக்கலாம். கட்டுப்பாடு மிகுந்த இடத்தில் தோற்ற ஒரு கூற்றைக் கட்டுப்பாடு குறைந்த இடத்துக்கு எடுத்துச் சென்று காப்பாற்ற முயன்றதுதான் அந்தக் கடிதம். ஐன்ஸ்டைன் விவாதத்தைத் தொடரவில்லை. அந்த மௌனத்தை ரைஷ் ஒரு சதியின் அடையாளமாகப் படிக்கத் தொடங்கினார்; 1953-இல் இருவருக்கும் இடையிலான கடிதங்களை வெளியிடவும் செய்தார்.

பாரிஸில் ஒரு முன்னோடி

இப்படிப்பட்ட பெட்டி இதுவே முதலாவது அன்று. 1780-களில் பாரிஸில் ஃபிரான்ஸ் மெஸ்மர் என்ற மருத்துவர், ‘விலங்குக் காந்தம்’ என்று தாம் அழைத்த பிரபஞ்சத் திரவத்தை ஒரு பெரிய மரத்தொட்டியில் சேகரித்துவைத்தார். தொட்டிக்குள் காந்தமேற்றிய நீர் நிரம்பிய போத்தல்கள், இரும்புத்தூள், கண்ணாடித்தூள். மூடியிலிருந்து வளைந்த இரும்புக் கம்பிகள் வெளியே நீண்டிருக்கும். நோயாளிகள் சுற்றி அமர்ந்து கம்பியை நோயுற்ற இடத்தில் வைத்துக்கொள்வார்கள். சிலர் அழுவார்கள், சிலருக்கு வலிப்பு வரும், சிலர் குணமடைந்து போவார்கள். உலோகத்தையும் உலோகமல்லாததையும் அடுக்கிப் பிரபஞ்ச ஆற்றலைப் பிடிக்கும் உத்தி, நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்பே அங்கே இருந்தது.

1784-இல் பதினாறாம் லூயி மன்னர் ஓர் ஆணையத்தை அமைத்தார். அப்போது அமெரிக்கத் தூதராகப் பாரிஸில் இருந்த பெஞ்சமின் ஃபிராங்க்ளின், வேதியியலறிஞர் லவாசியே, வானியலறிஞர் பாய், மருத்துவர் கியோத்தென் ஆகியோர் அதில் இருந்தார்கள். மெஸ்மரின் சீடர் தெலான் சோதனைக்கு உடன்பட்டார். ஃபிராங்க்ளினின் வீட்டுத் தோட்டத்தில் தெலான் ஒரு மரத்துக்கு மட்டும் காந்தமேற்ற, காந்தத்துக்கு உடனே வசப்படுபவன் என்று அவரே தேர்ந்தெடுத்த பன்னிரண்டு வயதுச் சிறுவனைக் கண்ணைக் கட்டி அழைத்து வந்தார்கள். காந்தமேறாத நான்கு மரங்களிடம் அவன் ஒவ்வொன்றாகக் கூட்டிச் செல்லப்பட்டான். முதல் மரத்தருகே வியர்த்தது, இருமல் வந்தது. அடுத்தடுத்த மரங்களில் தலைவலியும் கிறக்கமும் கூடின. நான்காவது மரத்தடியில் நினைவிழந்து விழுந்தான். காந்தமேறிய மரம் அவனிடமிருந்து எட்டத்தில் நின்றது.

இந்தச் சோதனைக்குச் செலவு ஒரு கண்கட்டுத் துணி. ஆணையத்தின் அறிக்கை அச்சாகிப் பரவலாகப் படிக்கப்பட்டது. நோயாளிகள் உணர்ந்தது பொய்யன்று, அதை உண்டாக்கியது திரவமன்று, கற்பனையே என்று அது தெளிவாகச் சொன்னது. மெஸ்மரின் நூல்களை யாரும் எரிக்கவில்லை. கேட்பவர் குறைந்தனர், அவர் பாரிஸை விட்டுப் போனார். ரைஷ் விவகாரத்தில் அமெரிக்க அரசு செய்ததை இந்த அளவுகோலோடு வைத்துத்தான் நான் பார்க்கிறேன்.

நூல் எப்படி லேபிள் ஆனது

1942-இல் மேய்னில் ரேஞ்ச்லி என்ற சிற்றூருக்கு அருகில் 160 ஏக்கர் நிலம் வாங்கிய ரைஷ், அதற்கு ஆர்கோனான் என்று பெயரிட்டு, ஆய்வகத்தையும் பின்னர் கல்லால் ஒரு வானோக்குக் கூடத்தையும் கட்டினார். மருத்துவர்கள் பலர் அவரிடம் பயின்றனர். ஆர்கோன் இப்போது நோய் தீர்க்கும் ஆற்றல் என்ற எல்லையைக் கடந்து, வடமுனை ஒளி முதல் விண்மீன்கூட்டங்களின் சுழற்சி வரை அனைத்துக்கும் மூலமாகிவிட்டது. மக்கள் கடவுள் என்று உணர்ந்ததும் இதையே என்று எழுதினார். பெட்டி ஏறக்குறைய வழிபாட்டுப் பொருளின் இடத்தை அடைந்தது இந்தக் காலத்தில்தான்.

1947 மே மாதம் ஓர் அமெரிக்க வார இதழில் மில்ட்ரெட் பிராடி எழுதிய கட்டுரை, இந்தப் பெட்டி பாலின்ப ஆற்றலைத் தருவதாகச் சொல்லி விற்கப்படுகிறது என்ற எண்ணத்தைப் பரப்பியது. ரைஷ் அப்படிச் சொன்னதில்லை. ஆயினும் கட்டுரையைப் படித்த உணவு, மருந்து நிர்வாகம் அதே ஆண்டில் புலனாய்வைத் தொடங்கியது. பாலியல் மோசடி ஒன்று அம்பலமாகும் என்று எதிர்பார்த்து வந்த ஆய்வாளர்களுக்கு, பெட்டியைப் பயன்படுத்தி ஏமாந்துபோனேன் என்று புகார் சொல்ல முன்வரும் ஆட்களைக் கண்டுபிடிப்பதே சிரமமாக இருந்தது. புழக்கத்தில் இருந்த பெட்டிகளும் சில நூறுதான். புற்றுநோய் பற்றிய கூற்றுகள்தான் உண்மையில் கவலைக்குரியவை. பெட்டி முழுக் குணம் தருவதாகத் தான் வாக்களிக்கவில்லை என்று ரைஷ் வாதிட்டாலும், 1948-இல் புற்றுநோயைப் பற்றி ஒரு பெரிய நூலையே அவர் வெளியிட்டிருந்தார். அதைப் படிக்கும் ஒரு நோயாளி அறுவைச் சிகிச்சையைத் தள்ளிப்போட்டுவிட்டு அலமாரிக்குள் உட்கார்ந்துவிடும் ஆபத்து மெய்யானது. அரசு தலையிட்டது தவறு என்று நான் சொல்லவில்லை.

தலையிட்ட விதத்துக்கு வருவோம். 1938-ஆம் ஆண்டின் உணவு, மருந்து, அழகுசாதனப் பொருள் சட்டம், மருந்துகளோடு மருத்துவக் கருவிகளையும் முதன்முதலாகக் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவந்தது. மாநில எல்லை தாண்டிச் செல்லும் கருவியின் லேபிளில் பொய்யான கூற்று இருந்தால் அது குற்றம். கருவியோடு ஒட்டப்படாமல் தனியே அனுப்பப்பட்ட பிரசுரங்களும், அதன் பயனை விளக்குமானால் சட்டத்தின் கண்ணில் லேபிள்தான் என்று 1948-இல் வேறொரு வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கள்ள மருந்து விற்பவர் துண்டறிக்கையைத் தனித் தபாலில் அனுப்பித் தப்பித்துவிடக் கூடாது என்ற நியாயமான நோக்கம் அதற்கு இருந்தது. ஆனால் அந்தக் கதவு ஒருமுறை திறந்துவிட்ட பின், ஆர்கோன் என்ற சொல் இடம்பெற்ற எந்த நூலும் மரப்பெட்டியின் லேபிள் ஆகிவிடலாம் என்ற நிலை வந்தது.

விசாரிக்கப்படாத வழக்கு

1954 பிப்ரவரி 10 அன்று மேய்னின் போர்ட்லாந்து நகரில் உள்ள கூட்டாட்சி நீதிமன்றத்தில் தடையாணை கேட்டு அரசு மனுத் தாக்கல் செய்தது. மருத்துவமனைகளிலும் கல்லூரி ஆய்வகத்திலும் பெட்டியைச் சோதிக்கச் செய்து, பயனில்லை என்ற முடிவுகளை அரசு கையில் வைத்திருந்தது. ரைஷ் நீதிமன்றத்துக்குப் போயிருந்தால், அந்த முடிவுகள் சாட்சிக்கூண்டில் ஏறியிருக்கும். அவருடைய தரப்பு குறுக்கு விசாரணை செய்திருக்கும். நிலவறை மேசையில் நடந்தது ஊரறிய மறுபடி நடந்திருக்கும்.

அவர் போகவில்லை. இயற்கை அறிவியலின் உண்மையை எந்த நீதிமன்றமும் தீர்மானிக்க முடியாது என்று நீதிபதி ஜான் கிளிஃபர்டுக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதியதோடு நிறுத்திக்கொண்டார். கொள்கையளவில் அந்த வாதத்தில் கம்பீரம் உண்டு. வழக்கு நடைமுறையில் அது தற்கொலைக்குச் சமம். நம் ஊர் நீதிமன்ற வராந்தாக்களில் ‘எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டது’ என்பார்களே, அதுவே நடந்தது: எதிர்த்தரப்பு வராததால் மனுவில் கண்டவை யாவும் மறுக்கப்படாதவை என்று கொள்ளப்பட்டு, மார்ச் 19 அன்று தடையாணை பிறந்தது. பெட்டிகளைத் திரும்பப் பெற்று அழிக்க வேண்டும். ஆர்கோன் பற்றிய இதழ்களையும் சிறு வெளியீடுகளையும் அழிக்க வேண்டும். கெட்டி அட்டையிட்ட நூல்களிலிருந்து அந்தச் சொல் வரும் பகுதிகளை நீக்கும்வரை அவற்றை வெளியிடக் கூடாது. ஆர்கோன் என்ற ஆற்றல் இல்லை என்பதை ஓர் அமெரிக்க நீதிமன்றம் ஒரு சாட்சியைக்கூட விசாரிக்காமல் பதிவுசெய்தது. ரைஷின் சீடர்களான மருத்துவர்கள் தங்களையும் வழக்கில் சேர்த்துக்கொள்ளக் கேட்டார்கள், மறுக்கப்பட்டது.

இந்தக் காலத்தில் ரைஷின் மனநிலையும் குலைந்துகொண்டிருந்தது. 1951-இல் சேகரிப்பானுக்குள் ஒரு மில்லிகிராம் ரேடியம் வைத்துச் சோதித்ததில் உடனிருந்தவர்கள் நோயுற்றார்கள். அதிலிருந்து, கெட்டுப்போன ‘கொல்லும் ஆர்கோன்’ வானத்தைச் சூழ்ந்துவிட்டது என்று நம்பத் தொடங்கி, அதை உறிஞ்சி எடுக்க நீரில் தோய்ந்த குழாய்களை வானத்தை நோக்கித் திருப்பும் மேகக்கலைப்பான் என்ற இயந்திரத்தைச் செய்தார். அவர் அதனோடு அரிசோனா பாலைவனத்தில் இருந்தபோது, சீடரான மருத்துவர் மைக்கேல் சில்வர்ட், மேய்னில் இருந்த பெட்டிகளையும் நூல்களையும் நியூயார்க்குக்கு எடுத்துச் சென்றார். மாநில எல்லை தாண்டப்பட்டது, தடையாணை மீறப்பட்டது.

1956 மே மாதத் தொடக்கத்தில் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு நடந்தது. அரசுத் தரப்பு வழக்கறிஞர்களில் பீட்டர் மில்ஸ், சில ஆண்டுகளுக்கு முன் ரைஷின் நிறுவனத்துக்கே வழக்கறிஞராக இருந்தவர். ரைஷின் சதிக் கோட்பாட்டுக்கு இதைவிட நல்ல தீனி கிடைத்திருக்காது. தமக்காகத் தாமே வாதாடிய ரைஷ், ஆர்கோனின் உண்மையைப் பேச முயன்றார். தடையாணை மீறப்பட்டதா என்ற ஒன்றே இங்கே கேள்வி என்றது நீதிமன்றம். சட்டப்படி அது சரி. ஆக, முதல் வழக்கில் அவர் வராததால் பெட்டி சோதிக்கப்படவில்லை, இரண்டாவது வழக்கில் அவர் வந்தும் சோதிக்கப்படவில்லை. ரைஷுக்கு இரண்டு ஆண்டுச் சிறை, சில்வர்டுக்கு ஓர் ஆண்டும் ஒரு நாளும், நிறுவனத்துக்குப் பத்தாயிரம் டாலர் அபராதம்.

கோடரியும் நெருப்பும்

1956 ஜூன் 5 அன்று அதிகாரிகள் ஆர்கோனானுக்கு வந்தார்கள். அங்கே மிஞ்சியிருந்தவை மூன்று பெட்டிகளே. அழிப்பதை மேற்பார்க்க மட்டுமே தங்களுக்கு அதிகாரம் உண்டு, தாங்களே உடைக்க முடியாது என்று அவர்கள் சொல்லிவிட்டதால், ரைஷின் நண்பர்களும் அவருடைய பன்னிரண்டு வயது மகனும் கோடரி எடுத்து உடைத்தார்கள். அதிகாரிகள் நின்று பார்த்தார்கள். பலகை பிளந்து, எஃகு நார் பிதுங்கி, தகடு மடங்கிக் கிடந்த குவியலின் மேல் ரைஷ் ஓர் அமெரிக்கக் கொடியை வைத்தார். நியூயார்க்கில் இருந்த பெட்டிகளை, அவற்றைச் செய்துகொடுத்த பட்டறையே பின்னர் உடைத்தது.

ஆகஸ்ட் 23 அன்று நியூயார்க்கின் பொதுக் குப்பை எரிகூடத்தில் ஆறு டன் நூல்களும் இதழ்களும் எரிக்கப்பட்டன. பாசிசத்துக்கு மக்கள் ஏன் மயங்குகிறார்கள் என்று 1933-இல் அவர் எழுதிய நூலும், குணவியல்பு பற்றிய உளப்பகுப்பாய்வு நூலும் அவற்றில் இருந்தன. இவை முதலில் ஜெர்மன் மொழியில் வந்தபோது ஆர்கோன் என்ற சொல்லே பிறந்திருக்கவில்லை. ஆங்கிலப் பதிப்புக்காகச் சில இடங்களில் அவர் அதைச் சேர்த்திருந்தார், அதனால் அவையும் மரப்பெட்டியின் லேபிள் ஆகிவிட்டன. குடியுரிமைகளுக்காகப் போராடும் அமெரிக்கச் சங்கம் இதைக் கண்டித்தது. பெரிய நாளிதழ்கள் கண்டுகொள்ளவில்லை.

1957 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் மேல்முறையீட்டை ஏற்க மறுத்தது. மார்ச்சில் சிறை சென்ற ரைஷ், நவம்பர் 3 அன்று பென்சில்வேனியாவின் லூயிஸ்பர்க் சிறைக்கூடத்தில் மாரடைப்பால் இறந்தார். நன்னடத்தை விடுதலைக்கு விண்ணப்பிக்கச் சில நாட்களே இருந்தன. வயது 60. சில்வர்ட் மறு ஆண்டு தற்கொலை செய்துகொண்டார்.

எஞ்சியவை

தம் ஆவணங்களை ஐம்பது ஆண்டுகள் பூட்டிவைக்க வேண்டும் என்று ரைஷ் உயில் எழுதியிருந்தார். 2007 நவம்பரில் ஹார்வர்டு மருத்துவ நூலகத்தில் அவை ஆய்வாளர்களுக்குத் திறக்கப்பட்டன. ஆர்கோனான் இன்று அருங்காட்சியகம். கல்லறையருகே ஒரு மேகக்கலைப்பான் வானத்தைப் பார்த்தபடி நிற்கிறது. எரிக்கப்பட்ட நூல்கள் 1960-களிலிருந்து மறுபதிப்பாகி எளிதில் கிடைக்கின்றன. எரித்த புகையின் வாசனையே அவற்றுக்கு விளம்பரமானது என்று சொன்னால் மிகையாகாது: ‘அரசு இவ்வளவு பயந்தது என்றால் அதில் ஏதோ இருந்திருக்கத்தானே வேண்டும்’ என்ற வாதத்தை இந்தப் பெட்டியைப் பற்றிய பேச்சில் இன்றும் கேட்கலாம். விசாரணைக் கூண்டில் ஒரு வெப்பமானியும் ஒரு மேசையும் ஏறியிருந்தால் அந்த வாதத்துக்கு இத்தனை உயிர் இருந்திருக்காது.

பெட்டியின் வாரிசு, பிசினை வார்த்துச் செய்யும் ‘ஆர்கோனைட்’ கூம்புகள். உலோகச் சீவலையும் படிகக் கல்லையும் பிசினில் புதைத்து உறையவைத்து, கைப்பேசிக் கதிர்வீச்சை நல்லாற்றலாக மாற்றும், வீட்டின் தீய அதிர்வை உறிஞ்சும் என்று சொல்லி இணையத்தில் விற்கிறார்கள். இந்திய வணிகத் தளங்களிலும் கிடைக்கும். உலோகமும் உயிர்வழிப் பொருளும் சேர்ந்தால் ஆர்கோன் தேங்கும் என்ற அதே சூத்திரம்தான். பிசினை உயிர்வழிப் பொருளாகக் கணக்கில் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். ரைஷ் தம் பெட்டியின் மேல் வெப்பமானி தொங்கவிட்டு, பிழையாகவேனும், எண்களைக் குறித்து, அதைத் தூக்கிக்கொண்டு ஐன்ஸ்டைன் வீட்டுக்குப் போனவர். கூம்போடு வரும் அட்டையில், பொருளை வடகிழக்கு மூலையில் வைக்கவும், வாரம் ஒருமுறை நிலவொளியில் காட்டவும் என்பது போன்ற குறிப்புகளே இருக்கின்றன.